உடும்பு வளர்த்த அக்கா

அந்த அக்காவின் பெயரை நான் எழுதப்போவதில்லை. மறந்துவிடவில்லை. அதைச் சொல்லும் யோக்கியதை எனக்கில்லை, அவ்வளவுதான். எங்கள் வீட்டு வரிசையில் அவருக்கு முதுகுக்குப் பின்னால் 'உடும்புக்காரி' என்று பெயர். நேரில் எல்லோருக்கும் அக்கா. நானும் முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று என்றுதான் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

எழுபதுகளின் கடைசி. மலேசியாவில், ஈப்போவுக்கு வெளியே, ஈயம் தோண்டி முடித்துவிட்டுப் போன குட்டைகளின் ஓரத்தில், பலகைச் சுவரும் தகரக் கூரையுமாகப் பதினான்கு வீடுகள். வேலை பார்த்த எஸ்டேட்டைத் துண்டு போட்டு விற்ற பிறகு நாங்கள் வந்து ஒதுங்கிய இடம் அது. என் கணவர் மண் லாரி ஓட்டினார். எங்களுக்கு ஒரே மகள், ஆறு வயது. அவளுக்கு மூச்சிழுப்பு. அக்காவின் வீடு எங்கள் வீட்டை ஒட்டியது. அவர் இந்தப் பக்கம் தும்மினால் நான் அந்தப் பக்கம் 'நூறு' சொல்லலாம், நடுவில் ஒரே பலகைதான்.

அக்காவுக்கு நாற்பது வயதிருக்கும். தனியாக இருந்தார். ஏன் தனி என்று நாங்கள் நிறையப் பேசினோம், அவர் ஒரு நாளும் சொல்லவில்லை. மார்க்கெட்டில் ஒரு சீனரின் கோழிக்கடையில் கோழி சுத்தம் செய்யும் வேலை. மத்தியானம் சைக்கிளில் திரும்புவார். சைக்கிளில் ஒரு பிளாஸ்டிக் பை தொங்கும். உள்ளே கோழிக்குடலும் தலையும் இருக்கும். அது உடும்பின் சாப்பாடு.

முழங்கை நீளத்தில் இருந்தபோது, குட்டையோரம் யாரோ சாப்பாட்டுக் கடைக்கு விற்பதற்காக வைத்த கம்பிக் கண்ணியில் அது மாட்டிக் கிடந்ததாம். ஒரு விரல் போய்விட்டது. அக்கா எடுத்துவந்து மஞ்சள் வைத்துக் கட்டினார். அது தேறியது, போகவில்லை. எனக்குத் தெரிந்தபோது வாலோடு சேர்த்து ஒரு ஆள் படுக்கும் நீளத்தில் பாதிக்கு மேல் இருந்தது. பின்கட்டில் கம்பி வலை போட்டு ஒரு கூண்டு உண்டு. கூண்டின் கதவு பெரும்பாலும் திறந்துதான் கிடக்கும். அதற்கு 'தவுக்கே' என்று பெயர் வைத்திருந்தார். முதலாளி என்று அர்த்தம். நான் சிரித்தபோது, தான் உழைப்பதாகவும் அந்த முதலாளி தின்றுவிட்டு வெயில் காய்வதாகவும், வேறு என்னவென்று கூப்பிடுவது என்றும் கேட்டார்.

யாராவது பேசினால் அக்கா பேசுகிறவரின் வாயைப் பார்க்கமாட்டார். தோளைப் பார்ப்பார், கழுத்தைப் பார்ப்பார், கையை எங்கே வைத்திருக்கிறார் என்று பார்ப்பார். புதிதாகப் பேசுகிறவர்களுக்குக் கூச்சமாக இருக்கும். எனக்கு எரிச்சலாகவே இருந்தது. நம் கதையை நாம் சொல்லிக்கொண்டிருக்க, கேட்கிறவர் கண் நம் விலாவில் இருந்தால் எப்படி இருக்கும்? ஒரு நாள் கேட்டுவிட்டேன். கோழியைப் பார்த்துப் பழகிய பழக்கம் என்றார். கோழிக்கடைச் சீனர் கூண்டு கூண்டாகக் கோழி வந்து இறங்கியதும் முதலில் அக்காவைத்தான் கூப்பிடுவாராம். எது நாளைக்குச் சாகும் என்று அக்கா பார்த்தே சொல்லிவிடுவார்.

எல்லாம் பலித்ததென்று சொல்லமாட்டேன். எங்கள் தபால்காரர் ஒரு வாரமாக விறைப்பாக நின்று கடிதம் கொடுத்தார். சைக்கிளில் உட்காராமல் தள்ளிக்கொண்டே வந்தார். அக்கா அவர் நிற்பதைப் பார்த்துவிட்டு, அந்த மனிதர் வீட்டில் பெரிய துக்கம், யாரோ போய்விட்டார்கள் போல என்றார். நாங்கள் நாலு பெண்கள் சேர்ந்து மறுநாள் அவரிடம் துக்கம் விசாரித்தோம். அவர் முழித்தார். கடைசியில் பார்த்தால் உட்காருகிற இடத்தில் கட்டி. வரிசையில் அதிகம் சிரித்தது அக்காதான். ஒரு மாதம் வரைக்கும் தபால்காரர் தலை தெரிந்ததும் உள்ளே ஓடிவிடுவார்.

ஆனால் என் மகள் விஷயத்தில் அவர் ஒருமுறைகூடத் தவறவில்லை. முதல் தடவை, மகள் வாசலில் நன்றாக விளையாடிக்கொண்டிருந்தாள். அக்கா ஈரக்கையோடு வந்து, இன்றைக்கு இழுக்கும், வெந்நீர் வைத்துக்கொள் என்றார். கரிநாக்கு என்று மனதுக்குள் திட்டினேன். பொழுது சாய்வதற்குள் இழுத்தது. பிறகுதான் காட்டித் தந்தார். மூச்சு வாங்கும்போது கழுத்துக்குக் கீழே அந்தக் குழி உள்ளே போகிறது பார். தோள் இரண்டும் காதைத் தேடிப் போகிறது பார். பிள்ளைக்கே இன்னும் தெரியாது, உடம்புக்குத் தெரிந்துவிட்டது என்றார். அன்றிலிருந்து தினமும் சாயங்காலம் வந்து, மகள் முதுகில் உள்ளங்கையை வைத்து ஐந்து நிமிடம் உட்கார்ந்திருந்துவிட்டுப் போவார்.

அப்படி எங்கள் வீட்டுக்குள் வந்தவர் என்னைத் தன் பின்கட்டுக்குள் அழைத்தார். சித்தியவானில் அவர் தங்கை பிள்ளைத்தாய்ச்சி. பிரசவத்துக்குப் போகவேண்டிவரும், அப்போது தவுக்கேவுக்கு யார் தீனி வைப்பது? வரிசையில் மற்றவர்களைக் கேட்கவில்லை. நான்தான் அதன் முன்னால் பயப்படாமல் இரண்டு நிமிடம் சும்மா நின்றேனாம்.

ஒரு மாதம் பழகினேன். உடும்புக்கு இவ்வளவு பேச்சு உண்டென்று அதற்கு முன் எனக்குத் தெரியாது. நாக்கு மெதுவாக வெளியே வந்து போனால் யார் என்று விசாரிக்கிறது. விசுக் விசுக் என்று அடித்தால் பசி. தொண்டை பை மாதிரி உப்பினால் அங்கேயே நின்றுவிட வேண்டும். உடம்பைத் தட்டையாக்கிப் பக்கவாட்டில் காட்டினால், நான் பெரியவன், யோசித்துக்கொள் என்கிறது. வால் வில்லாக வளைந்தால் யோசிக்க நேரமில்லை, ஓட வேண்டியதுதான். வெயிலில் வாயைப் பிளந்துகொண்டு கிடந்தால் கோபம் என்று நான் பயந்தேன். அது சூடு ஆற்றிக்கொள்கிறது. வாயோரம் சுழித்திருப்பதைப் பார்த்துச் சிரிக்கிறது என்றேன். சிரிப்பெல்லாம் அதற்குக் கிடையாது, வாயமைப்பே அப்படி என்று அக்கா என் ஆசையில் மண்ணைப் போட்டார்.

கண் மூடுவதைப் புரிந்துகொள்வதுதான் கஷ்டம். நான் தொட்டதும் ஒரு நாள் கண்ணை மூடியது. என்னை நம்பிவிட்டது என்று எனக்கு ஒரே சந்தோஷம். அக்கா என் கையை எடுக்கச் சொன்னார்.

"அது நம்பி மூடல. நீ இருக்கிறது பிடிக்கல, நீ இல்லேன்னு நெனச்சுக்குது. தொண்டையப் பாரு, இறுகிக் கெடக்கு. சும்மா உக்காரு. அதுவா வரட்டும்லா."

அதுவாக வர மூன்று வாரம் ஆயிற்று. ஒரு மத்தியானம் வந்தது. என் பாதத்தின் மேல் தாடையை வைத்து, பின்னங்கால்கள் இரண்டையும் பின்பக்கமாக நீட்டி, உள்ளங்கால் வானம் பார்க்கப் படுத்துக்கொண்டது. அக்கா வாசற்படியிலிருந்து பார்த்துவிட்டு, இனி கவலையில்லாமல் ஊருக்குப் போவேன் என்றார். காலை அப்படி நீட்டிவிட்டால் அதற்குள் பயமே இல்லையென்று அர்த்தம். எனக்குப் பெருமையாக இருந்தது. அக்கம்பக்கத்தில் சொல்லிக்கொண்டு திரிந்தேன். சொல்லாமல் இருந்திருக்கலாம்.

அந்த வருடம் மகளுக்கு ரொம்ப மோசம். ஊசி, மாத்திரை, முனியாண்டி கோவில் கயிறு, எதுவும் கேட்கவில்லை. பள்ளிக்கூடத்துக்குப் போன நாளைவிடப் போகாத நாள்தான் அதிகம். கோவிலில் ஒரு கிழவி அவளைப் பார்த்துவிட்டு, இது தங்காது என்று என் காது படவே சொன்னாள். அன்று நான் வழியெல்லாம் அழுதேன்.

அக்கா தங்கை பிரசவத்துக்குப் போய் இரண்டாம் நாள், பாரிட் புந்தாரிலிருந்து என் கணவரின் அண்ணன் வந்தார். வயல்காட்டில் வேட்டையாடுகிறவர். மகளின் மூச்சைக் கேட்டார், பலகை இடுக்கு வழியே பின்கட்டைப் பார்த்தார், சுருட்டு பிடித்தார். உடும்பு ரத்தம் இழுப்பை நிறுத்தும் என்பது எங்கள் எஸ்டேட்டில் எல்லோருக்கும் தெரிந்த விஷயம். நானே அதை யோசிக்கவில்லை என்று சொன்னால் பொய். பலகைக்கு அந்தப் பக்கம் மருந்து நடமாடுகிறது என்று எத்தனையோ தரம் நினைத்திருக்கிறேன்.

"காட்டுல புடிச்சா பிரயோசனமில்ல," என்றார் அவர். "பயந்து செத்த உடும்போட ரத்தம் கசந்துரும், மருந்து ஏறாது. நிம்மதியா இருக்கயில புடிக்கணும். அதுக்கு அத தெரிஞ்ச ஆளு வேணும்."

என் கணவர் என்னைப் பார்க்கவில்லை. எழுந்து லாரியைக் கழுவப் போய்விட்டார். நான் வேண்டாமென்று சொன்னேனா? ஒரு தடவை சொன்னேன். இரண்டாவது தடவை சொல்லவில்லை. உள்ளே மகள் தலையணையை அணைத்துக்கொண்டு குனிந்து உட்கார்ந்து மூச்சுக்குப் பாடுபட்டுக்கொண்டிருந்தாள்.

மறுநாள் மத்தியானம் கோழிக்குடலைத் தட்டில் வைத்துவிட்டு, வழக்கமாக உட்காரும் இடத்தில் உட்கார்ந்தேன். கணவரின் அண்ணன் பலகைக்குப் பின்னால் நின்றார். தவுக்கே வந்தது. நாக்கு மெதுவாக வந்து போனது. தின்றது. பிறகு என் பாதத்துக்கு வந்து தாடையை வைத்தது. ஒரு கால் நீட்டியது. இன்னொரு கால் மடங்கியே இருந்தது. நான் காத்திருந்தேன். இதைத்தான் என்னால் இன்றைக்கும் தாங்க முடியவில்லை. அப்போதே எழுந்திருக்கலாம். கையைத் தட்டி விரட்டியிருக்கலாம். நான் அந்த இன்னொரு காலும் நீள்வதற்காகக் காத்திருந்தேன். நீண்டது. உள்ளங்கால் மேலே பார்த்தது. "இப்ப," என்றேன்.

அவர் கையில் தூக்கிக் கொடுத்ததும் நான்தான். என் கையில் இருந்த வரைக்கும் தொண்டை உப்பவில்லை.

ரத்தத்தில் தேன் கலந்து மகளுக்குக் கொடுத்தோம். பாதியை வாந்தியெடுத்தாள். மிச்சத்தைக் குடி என்று கன்னத்தைப் பிடித்து ஊற்றினேன். கறியை வீணாக்கக் கூடாது என்றார் கணவரின் அண்ணன். மிளகு அரைத்துச் சமைத்தேன். நானும் ஒரு துண்டு தின்றேன். யாரும் என்னை வற்புறுத்தவில்லை. தோலை அவர் சுருட்டி எடுத்துக்கொண்டு ஊருக்குப் போனார். கூண்டின் கம்பி வலையை நான் உள்ளிருந்து வெளியே வளைத்து, ஒரு ஆள் தலை நுழையும் அளவுக்கு ஓட்டை பண்ணி வைத்தேன்.

அக்கா ஒன்பதாம் நாள் வந்தார். தங்கைக்கு ஆண் பிள்ளை. சித்தியவான் சீனக் கடையில் சுடுகிற வட்ட ரொட்டி, கொம்பியா, ஒரு பை நிறைய வாங்கி வந்திருந்தார். கருவாடு என் மகளுக்கு ஆகாதென்று வாங்கவில்லையாம். தவுக்கே வலையைப் பிய்த்துக்கொண்டு ஓடிவிட்டதாகச் சொன்னேன். முந்தின நாள்தான் போனது, குட்டைப் பக்கமாக என்று கேட்காததையும் சேர்த்துச் சொன்னேன். அக்கா வலையை விரலால் தடவிப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். முகத்தைப் பார்க்கவில்லை என்று சொல்லத் தேவையில்லை. என் கையை எங்கே வைப்பதென்று எனக்குத் தெரியவில்லை, முந்தானையில் சுருட்டிக்கொண்டேன்.

சரி, தண்ணீரைப் பார்த்துப் போயிருந்தால் நல்லதுதான் என்றார். கொம்பியாவை மகளிடம் கொடுத்து, வழக்கம்போல முதுகில் கை வைத்து உட்கார்ந்தார்.

அதற்குப் பிறகு தினமும் சாயங்காலம் தட்டில் குடலோடு குட்டையோரம் போய் உட்கார ஆரம்பித்தார். கூப்பிடவோ தேடவோ மாட்டார், சும்மா உட்கார்ந்திருப்பார். போகும்போது என் வாசலில் நின்று, "குட்டப் பக்கம் போறேன். வாரியா?" என்று கேட்பார். துணி ஊறப்போட்டிருக்கிறேன் என்பேன். மாவு அரைக்க வேண்டும் என்பேன். ஒரு நாள் ஒரு காரணமும் கிடைக்காமல் தலைவலி என்றேன். சரி என்று போவார். நான் ஜன்னல் கதவைச் சாத்திவிட்டு, இடுக்கு வழியே அவர் முதுகைப் பார்த்துக்கொண்டு நிற்பேன். கோழியைத் தெரியும், உடும்பைத் தெரியும், பிள்ளைக்கு வரப்போகும் இழுப்பு தெரியும், என்னை மட்டும் இவருக்குத் தெரியவில்லையே என்று எனக்கு ஒரு நிம்மதி. நினைத்தால் கூசுகிறது, கொஞ்சம் இளக்காரம்கூட இருந்தது.

மகளுக்கு மூன்று வாரம் இழுக்கவில்லை. என் கணவர் அண்ணனுக்குக் கடிதம் போட்டார். நானும், பாவம் செய்தாலும் பலன் கிடைத்தது என்று மனசைத் தேற்றிக்கொண்டேன். நான்காவது வாரம் ஒரு மத்தியானம் வந்தது பாருங்கள் ஒரு இழுப்பு, அதைப் போல முன்னும் இல்லை, பின்னும் இல்லை. உதடு நீலமாகிவிட்டது. என் கணவர் லாரியோடு எங்கோ தைப்பிங் பக்கம். நான் நடுவீட்டில் நின்று கத்திக்கொண்டிருந்தேன். அக்கா அப்போதுதான் சைக்கிளை நிறுத்தியிருந்தார். உள்ளே வந்தார், மகளைப் பார்த்தார், இடுப்பில் தூக்கிக்கொண்டு ரோட்டுக்கு ஓடினார். காய்கறி ஏற்றிவந்த சீனரின் வேனை நடுரோட்டில் நின்று மறித்தார். பெரிய ஆஸ்பத்திரி வரும் வரைக்கும் மகளை நிமிர்த்திப் பிடித்து, தன் மூச்சைக் கேட்டு மூச்சு விடச் சொல்லிக்கொண்டே வந்தார். கோழி ரத்தம் காயாத அவர் சட்டையில் என் மகள் முகம் பதிந்திருந்தது.

உள்ளே கொண்டுபோய்விட்டார்கள். வெளியே ஒரு பெஞ்சில் நானும் அவரும். செய்த பாவம்தான் பிள்ளை மூச்சை அடைக்கிறது, சொல்லிவிட்டால் விட்டுவிடும் என்று தோன்றியது. அக்கா, உங்க தவுக்கே ஓடல, நான்தான் என்று ஆரம்பித்தேன். அவர் என் மணிக்கட்டைப் பிடித்தார்.

"இப்ப சொல்லாதம்மா. இப்ப நீ பயத்துல சொல்லுவ. புள்ள வீட்டுக்கு வரட்டும், பயம் போகட்டும். அப்பறம் நீயா சொல்லு. நான் இருக்கேன்லா."

அப்போதுதான் எனக்கு விளங்கியது. வலையைத் தடவிய நாளிலேயே அவருக்குத் தெரியும். குட்டைப் பக்கம் வாரியா என்று தினமும் கேட்டதும் இதற்காகத்தான்.

நான்காம் நாள் மகளை வீட்டுக்கு விட்டார்கள். புது மருந்து கொடுத்தார்கள், அது கேட்டது. மாதம் போகப் போக இழுப்பு குறைந்தது. ராத்திரி பயமில்லாமல் தூங்கினேன். பயம் போய்விட்டது.

நான் சொல்லவில்லை. இன்றைக்கு வேண்டாம், வெள்ளிக்கிழமை. நாளைக்கு வேண்டாம், அவருக்கு வேலை அதிகம். தீபாவளி கழியட்டும், பொங்கல் கழியட்டும். அக்கா வந்து மகள் முதுகில் கை வைத்து உட்காருவதை ஒரு நாளும் நிறுத்தவில்லை. நான் அந்த நேரம் பார்த்து அடுப்படியில் வேலை உண்டாக்கிக்கொண்டேன். பிறகு பிறகு அவர் வருவதே எனக்குப் பிடிக்காமல் போய்விட்டது. என்னைக் காயப்படுத்தியவரைப்போல அவரை வெறுக்கத் தொடங்கினேன். இதுவும் நடந்தது, அதனால் எழுதுகிறேன்.

எண்பதுகளின் ஆரம்பத்தில் குட்டையை நிரப்பி வீடு கட்டப்போகிறார்கள் என்று எல்லோரையும் காலி பண்ணச் சொன்னார்கள். அக்கா தங்கையோடு இருக்க சித்தியவானுக்குக் கிளம்பினார். காலையில் டாக்சி வந்து நின்றது. பையோடு என் வாசலுக்கு வந்தார். மகள் வெளியே மற்றப் பிள்ளைகளோடு ரப்பர் கயிறு தாண்டிக்கொண்டிருந்தாள். அவள் மூச்சைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு என் பக்கம் திரும்பினார். போய்வருகிறேன் என்று சொல்லியாயிற்று, நான் சரிக்கா என்றும் சொல்லியாயிற்று. அவர் போகவில்லை. பையைக் கீழே வைத்துவிட்டு நின்றார். டாக்சிக்காரர் ஹாரன் அடித்தார். இன்னொரு தடவை அடித்தார். அக்கா திரும்பிப் பார்க்கவில்லை.

என் கை மறுபடியும் முந்தானைக்குள் போனது. அது அவருக்குத் தெரிந்திருக்கும்.

"டீ போடவாக்கா?" என்றேன்.

போடு என்றார். நின்றபடியே குடித்தார். காலையில் மார்க்கெட்டுக்கு ஓடுகிற அவசரத்தில் கொதிக்கக் கொதிக்க ஒரே மூச்சில் ஊற்றிக்கொள்கிறவர், அன்றைக்கு ஒவ்வொரு மடக்காக நிறுத்தி நிறுத்திக் குடித்தார். சொல்வதற்குக் கடைசி மடக்கு வரைக்கும் எனக்கு நேரம் இருந்தது. கிளாசை நீட்டினார், வாங்கிக்கொண்டேன்.